சப்வேயில் நிற்கிறேன்

யூனியன் ஸ்ரேசனைப் பற்றி யாராவது குறை சொன்னால் எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். சனம் என்பார்கள், இரைச்சல் என்பார்கள், உள்ளே போனால் வெளியே வர வழி தெரியாது என்பார்கள். இப்படிச் சொல்கிறவர்கள் பெரும்பாலும் காரைவிட்டு இறங்காதவர்கள். நான் இருபத்திரண்டு வருடமாக அதற்குள்ளால் வேலைக்குப் போய் வருகிறவள். முதலில் மல்வேர்னிலிருந்து பஸ் எடுத்து, சப்வே மாறி வந்தேன். நகரத்துக்கு வெளியே ஸ்ரௌவ்வில்லில் வீடு வாங்கிய பிறகு நேரே ரெயின். இரண்டு தட்டு உள்ள ரெயின் என்பதால் அதற்கு மாடி ரெயின் என்று மகள் பன்னிரண்டு வயதில் பெயர் வைத்தாள். அவளுக்கு இப்போது இருபத்தெட்டு. நாங்கள் இன்னும் அப்படித்தான் சொல்கிறோம்.

காலை எட்டரை மணிக்கு அங்கே வந்து பார்க்க வேண்டும். மேலே ஒன்றன்பின் ஒன்றாக ரெயின்கள் வந்து நிற்கும். ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு சின்ன ஊர் அளவு சனம் இறங்கும். கீழே சப்வேயிலிருந்து இன்னொரு சனம் ஏறி வரும். இரண்டும் ஒன்றையொன்று ஊடறுத்துப் போகும். யாரும் விசில் ஊதுவதில்லை, யாரும் கையைக் காட்டுவதில்லை. நகரும் படிகளில் நிற்பவர்கள் வலப்பக்கம், நடப்பவர்கள் இடப்பக்கம். வெள்ளைத் தடியோடு ஒருவர் தினமும் வருவார். அவருக்கு முன்னால் வழி தானாகத் திறக்கும், அவர் போனதும் மூடிக்கொள்ளும். நான் வேலைக்குச் சேர்ந்த முதல்நாள் மூன்று பேரோடு மோதி, மூன்று பேரிடமும் மன்னிப்புக் கேட்டு, வேலையிடத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது கண் கலங்கிப்போய் இருந்தேன். ஒரு மாதத்தில் பழகிவிட்டது. எதிரே வருகிறவரின் முகத்தைப் பார்க்காமல் தோளைப் பார்த்து நடக்க வேண்டும், அவ்வளவுதான்.

பின்னேரம் திரும்பும்போது நேர்வழியை விட்டுப் பெரிய மண்டபத்துக்குள்ளால் சுற்றிப் போவேன். ஐந்து நிமிடம் கூடும், பரவாயில்லை. ஓடு பதித்த வளைந்த கூரை, கழுத்து நோக அண்ணாந்து பார்க்க வேண்டிய உயரம். சுவரைச் சுற்றிவர கனடாவின் ஊர்ப் பெயர்களைக் கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள். இரண்டு பக்கத்து உயர்ந்த கண்ணாடிகளாலும் வெளிச்சம் வந்து நிலத்தில் விழும். ரெயின் பிடிக்க ஓடுகிற மனிதனுக்கு எதற்கு இவ்வளவு அழகு என்று கேட்காமல் கட்டியிருக்கிறார்களே, அதுதான் எனக்குப் பிடிக்கும். "நீர் உந்த ஸ்ரேசனையே கலியாணம் கட்டியிருக்கலாம்" என்பார் கணவர். ஸ்ரேசன் குறட்டை விடாதுதானே என்பேன்.

எனக்கு அதில் ஒரு பெருமையும் இருந்தது. பெட்டியும் கையுமாக முழிக்கிறவர்கள் எப்படியோ என்னைத்தான் தேடி வந்து வழி கேட்பார்கள். விமான நிலைய ரெயினுக்கு எந்தப் படி, மழையில் நனையாமல் நாலு தெரு தாண்டிப் போக எந்த வாசல், எல்லாம் எனக்கு அத்துபடி. நான் வேலை செய்வது ஒரு கண் வைத்தியரின் கிளினிக்கில், வரவேற்பு மேசையில். அங்கே நாள் முழுக்க மற்றவர்களுக்கு எழுத்துத் தெரிகிறதா இல்லையா என்று கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, ஸ்ரேசனில் இந்தக் கொஞ்ச நேரம் எல்லாம் தெரிந்தவளாக நடப்பேன். அந்தப் பெருமையில் மண் விழுந்தது ஒரு வெள்ளிக்கிழமை பின்னேரம்.

மகள் ஒரு பையனை விரும்பினாள். சென்னைப் பையன், கம்பியூட்டர் வேலை, நோர்த் யோர்க்கில் ஒரு அடுக்குமாடிக் கொண்டோவில் இருக்கிறான். நல்ல பிள்ளை. எங்கள் வீட்டுக்கு வந்தால் சாப்பிட்ட கோப்பையைத் தானே கழுவி வைப்பான். தகப்பன் இல்லை. தாய் குரோம்பேட்டையில் பள்ளிக்கூடத்தில் கணக்குப் படிப்பித்து ஓய்வு பெற்றவர், மகனைப் பார்க்க இரண்டு மாதத்துக்கு வந்திருந்தார். அம்மா சரி என்றால்தான் கலியாணம் என்று பையன் சொல்லியிருந்தான். நான் காத்திருக்கிறேன் என்று மகளும் சொல்லியிருந்தாள். அந்த அம்மா மகளை நாலு தரம் பார்த்துவிட்டார். அன்பாகத்தான் பேசினார், சரி என்று மட்டும் சொல்லவில்லை. கேட்டால் "பாக்கலாம்" என்பாராம். அவர் ஊருக்குத் திரும்ப ஒன்பது நாள்தான் இருந்தது. அந்தப் பாக்கலாமோடு அவர் விமானம் ஏறினால் என் பிள்ளை இன்னும் எத்தனை வருடம் காத்துக்கொண்டிருப்பாள் என்று இரவிரவாகக் கணக்குப் பார்த்தேன்.

அந்த நேரம் அவரே ஒரு யோசனை சொல்லி அனுப்பினார். பிள்ளைகள் இல்லாமல் என்னோடு தனியாகக் கொஞ்சம் பேச வேண்டுமாம். நான் வெள்ளிக்கிழமை மூன்றரைக்கு வேலை முடிந்து ஸ்ரேசனுக்கு வருவேன், அவரும் நோர்த் யோர்க்கிலிருந்து ஒரே சப்வேயில் மாறாமல் வந்து இறங்கலாம், இரண்டு பேருமாக மாடி ரெயினில் எங்கள் வீட்டுக்குப் போவோம், பிள்ளைகள் வேலை முடிந்து காரில் வந்து சேர்வார்கள் என்று ஏற்பாடு. மகன் கூட்டிக்கொண்டு வந்து விடுகிறேன் என்றதற்கு, நாற்பது பிள்ளைகளைத் தனி ஆளாக மகாபலிபுரம் கூட்டிப்போய் வந்தவளுக்குத் துணை எதற்கு என்று கேட்டாராம். எனக்கு அந்த நிமிர்வு பிடித்திருந்தது, கொஞ்சம் பயமாகவும் இருந்தது.

மகள் என்னை விட்டபாடில்லை. "அம்மா, ஸ்லோவா கதையுங்கோ. எங்கட தமிழ் அவவுக்கு ஹாஃப்தான் விளங்கும். ப்ளீஸ், ஜஸ்ற் ரெக்ஸ்ற் ஹேர் த லொக்கேசன்" என்று, சந்திக்கிற இடத்தைப் போனில் எழுதி அனுப்பும்படி மூன்று தரம் சொன்னாள். தமிழுக்குத் தமிழ் கதைக்க எனக்கு என்ன ரெக்ஸ்ற் வேண்டிக்கிடக்கிறது என்று நான் அவளை மடக்கிவிட்டேன்.

வெள்ளிக்கிழமை மூன்று மணிக்கு அவருக்குப் போன் எடுத்தேன். வெளிக்கிட்டிட்டியளோ என்று கேட்டேன். என்ன மேடம் கேட்டீங்க என்றார். இந்த மேடம் எனக்குக் காதில் முள்ளாகக் குத்தியது, ஆனாலும் அடக்கிக்கொண்டு, வீட்டிலிருந்து புறப்பட்டுவிட்டீர்களா என்று புத்தகத்தில் இருக்கிற மாதிரிக் கேட்டேன். புறப்பட்டுவிட்டாராம். சரி, யூனியனில் இறங்கி சப்வேயில் நில்லுங்கோ, நான் அங்கே வாறன் என்று சொல்லி வைத்தேன்.

சப்வேக் கதவடி என்பதுதான் என் எண்ணம், பயண அட்டையைத் தட்டி உள்ளே போகிற, இறங்கியவர்கள் வெளியே வருகிற இடம். மூன்றே முக்காலுக்கு அங்கே போய் நின்றேன். வெள்ளிக்கிழமை என்றால் அந்த நேரத்துக்கே சனம் தொடங்கிவிடும். ஒவ்வொரு சப்வே வந்து போகும்போதும் கதவுகள் படபடவென்று திறந்து மூடும். சேலை கட்டிய ஒரு உருவத்தைத் தேடித் தேடிக் கண் பூத்துப்போனது. நாலு மணியாயிற்று. அழைத்தேன்.

"நான் வந்து பதினஞ்சு நிமிஷம் ஆச்சு மேடம். சப்வேலதான் நிக்கிறேன்."

நானும் சப்வேயில்தான் நிற்கிறேன், உங்களைக் காணவில்லையே என்றேன். அவரும் என்னைக் காணவில்லை என்றார். உங்கயே நில்லுங்கோ, அசையாதேங்கோ, நான் வந்து பார்க்கிறேன் என்றேன். அந்தப் பக்கக் கதவடிக்கு ஓடினேன். இல்லை. கீழே மேடையில் நிற்கிறாரோ என்று அட்டையைத் தட்டி உள்ளே போய் இரண்டு பக்க மேடையிலும் முனைக்கு முனை நடந்தேன். அங்கேயும் இல்லை. மறுபடி அழைத்தேன். அதே பதில், அதே குரல், கணக்கு ரீச்சரின் குரல். சப்வேயில் நிற்கிறேன் என்று சொல்லிவிட்டேனே, இன்னும் என்ன கேள்வி என்பது மாதிரி இருந்தது. எந்த இடத்தில் என்று கேட்டால், சப்வே என்றால் சப்வேதான் என்கிறார். யாரையாவது கேளுங்கோ என்றேன். ஒருத்தரைக் கேட்டாராம், அந்த ஆள் அவர் இறங்கி வந்த மெட்ரோவையே திருப்பிக் காட்டினானாம், விவரமில்லாதவன் என்று விட்டுவிட்டாராம்.

அந்த இடத்தில் எனக்கு மூளை வேலை செய்திருக்க வேண்டும். மெட்ரோ என்று அவர் வாயாலேயே சொல்லிவிட்டார். ஆனால் நான் எங்கே காது கொடுத்தேன்? பிடிக்க வேண்டிய ரெயின் போக ஏழு நிமிடம் இருந்தது, வியர்த்துக் கொட்டியது, என் ஸ்ரேசனில் வைத்து ஒரு மனிசியை என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை என்பது வேறு எரிச்சல்.

"சப்வே எண்டு பெரிசா எழுதியிருக்கு. கண்ணைத் திறந்து பாருங்கோவன்" என்றேன்.

தாழ்ந்த குரலில் சொல்லவில்லை. பக்கத்தில் போன இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். அந்தப் பக்கம் ஒரு மூச்சுச் சத்தம் கேட்டது, பிறகு போன் வைக்கப்பட்டது.

திரும்ப எடுத்தேன், எடுக்கவில்லை. இன்னொரு தரம் எடுத்தேன், எடுக்கவில்லை. அந்தக் கதவடியில் நின்றுகொண்டு நான் நினைத்ததை எழுத வெட்கமாகத்தான் இருக்கிறது. மகளின் வாழ்க்கையை நான் என் வாயாலேயே கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன். பையனின் தாயை, என்னைவிட வயதில் மூத்தவரை, கண் தெரியாதவர் என்று சொல்லாத குறையாகச் சொல்லிவிட்டேன். மகளுக்கு எடுத்துச் சொல்லலாமா என்று போனைப் பார்த்தேன். என்னவென்று சொல்வது? ரெயின் அறிவிப்புப் பலகையில் எங்கள் ரெயினின் மேடை இலக்கம் விழுந்திருக்கும், சனம் ஒரே வீச்சில் படிகளை நோக்கித் திரும்பியிருக்கும். தினமும் நான் ஆசையாகப் பார்க்கிற காட்சி அது. அன்றைக்கு அது நான் இல்லாமலே நடந்து முடிந்தது.

பத்து நிமிடம் கழித்துப் போன் சிணுங்கியது. அவர் ஒரு படம் அனுப்பியிருந்தார். கூடவே குரல் பதிவு ஒன்று. "கண்ணத் தெறந்துதான் மேடம் பாத்தேன். தரைக்குக் கீழ நீளமா வழி போகுது, ரெண்டு பக்கமும் கடை இருக்கு, ஜனங்க நடந்து போறாங்க. இதுக்குப் பேரு சப்வே இல்லேன்னா வேற என்ன?"

படத்தைப் பார்த்ததும் நெற்றியில் அடித்துக்கொண்டேன். கூரையில் தொங்குகிற பலகை, நாலு நிறத்தில் நாலு ஆங்கில எழுத்து, பாதை என்று அர்த்தம். ஸ்ரேசனிலிருந்து தொடங்கி நகரத்தின் கட்டடங்களை எல்லாம் நிலத்துக்கு அடியில் இணைத்துக்கொண்டு போகிற நடைபாதை அது. சென்னையில் சப்வே என்றால் சுரங்கப்பாதை. தெருவுக்கோ தண்டவாளத்துக்கோ கீழே நடந்து கடக்கிற வழி. நிலத்துக்குள் ஓடுகிற ரெயினுக்கு அவர்கள் மெட்ரோ என்பார்கள். மெட்ரோவில் வந்து இறங்கியவர், சப்வேயில் நில்லுங்கோ என்று நான் சொன்னபடியே, ஒழுங்காக ஒரு சப்வேயைத் தேடிப் பிடித்து நிற்கிறார். ஒரு பிழையும் அவரில் இல்லை.

படத்தின் ஓரத்தில் சப்பாத்துத் தைக்கிற ஒரு சின்னக் கடை தெரிந்தது. அது எனக்குத் தெரிந்த கடை, என் குதியுயர்ந்த சப்பாத்தை இரண்டு தரம் அங்கே கொடுத்துச் சரிபண்ணியிருக்கிறேன். ஓடினேன். ஐம்பத்தாறு வயதில், வேலை உடுப்போடு, ஸ்ரேசனில் ஓடுகிறவர்களைப் பார்த்து இருபத்திரண்டு வருடமாகச் சிரித்த நான் ஓடினேன். சனம் எனக்கும் வழி விட்டது.

அவர் அந்தப் பலகைக்கு நேர்கீழே நின்றார். மாம்பழ நிறச் சேலை, மேலே மகனின் ஜக்கெற், கையில் ஒரு துணிப்பை. முதுகு நேராக இருந்தது. ஆனால் உடம்புப் பாரத்தை ஒரு காலிலிருந்து மற்றக் காலுக்கு மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தார். கொஞ்சம் குனிந்து முழங்காலை ஒரு கையால் அமத்துவதும் நிமிர்வதுமாக இருந்தார். அவருக்குப் பின்னால் இரண்டு அடியில் ஆட்கள் உட்காருகிற நீளமான வாங்கு ஒன்று வெறுமையாகக் கிடந்தது. சப்பாத்துக்கடைக்காரர் தன் முக்காலியையும் வெளியே கொண்டுவந்து அவர் பக்கத்தில் வைத்திருந்தார். அதுவும் வெறுமையாகத்தான் இருந்தது.

மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தவள், அதை விட்டுவிட்டு, ஏன் வாங்கில் இருக்கவில்லை என்று கேட்டேன்.

"நீங்க நிக்கச் சொன்னீங்களே" என்றார். "அசையக்கூடாதுன்னும் சொன்னீங்க. உக்காந்தா கண்ணுல படமாட்டேன்னு சொல்றீங்கன்னு நெனச்சேன்."

எங்களுக்கு நில்லுங்கோ என்றால் போகாமல் அந்த இடத்திலேயே இருங்கோ என்பதுதான். வீட்டில் நிற்கிறேன் என்போம், கட்டிலில் படுத்துக்கொண்டு. கடையில் நிற்கிறான் என்போம், அவன் கதிரையில் இருப்பான். அந்தச் சொல்லை நம்பி, மூட்டு நோவோடு ஒரு மனிசி முக்கால் மணித்தியாலத்துக்கு மேல் நின்றிருக்கிறார். நான் கத்திய பிறகும் நின்றிருக்கிறார். போனை வைத்தவர் கோபத்தில் போய் வாங்கில் இருந்திருக்கலாம், மெட்ரோ ஏறி வீட்டுக்கே போயிருக்கலாம். எனக்கு முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. மன்னிச்சுக் கொள்ளுங்கோ அக்கா என்று அவர் கையைப் பிடித்தேன், அழுகை வந்துவிட்டது. நிற்கிறது என்றால் எங்கள் தமிழில் என்ன என்று அழுதுகொண்டே விளங்கப்படுத்தினேன். அவர் கணக்குப் பிழையை யோசிப்பவர் போலக் கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு அந்த முக்காலியில் மெல்ல இருந்து, இரண்டு முழங்காலிலும் கையை ஊன்றிக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்தார். கடைக்காரருக்கு ஒன்றும் விளங்கவில்லை, ஆனாலும் சேர்ந்து சிரித்தார்.

அடுத்த ரெயினுக்கு நேரம் இருந்தது. பெரிய மண்டபத்துக்குக் கூட்டிக்கொண்டு போய் ஒரு வாங்கில் இருத்தினேன். அவர் கூரையை அண்ணாந்து பார்த்தார், என்னைப் போலவே. சுவரில் இருந்த ஊர்ப் பெயர்களை ஒவ்வொன்றாக வாய்க்குள் வாசித்தார். ஆறுதலாகப் பேசத் தொடங்கினார். நின்றுகொண்டிருந்த நேரம் முழுக்கச் சனத்தைத்தான் பார்த்தாராம். இத்தனை ஆயிரம் பேர் போகிறார்கள், ஒருத்தர்கூட இடிக்கவில்லை. ஐந்து பேர் நின்று, ஏதும் உதவி வேண்டுமா என்று கேட்டார்கள். அதில் ஒரு பெண் ரெயினுக்கு ஓடிக்கொண்டிருந்தவள், ஓட்டத்தை நிறுத்திக் கேட்டுவிட்டுத்தான் போனாள்.

"ரெண்டு மாசமா அவன் ஃபிளாட்ல பதினெட்டாவது மாடியிலதான் இருந்தேன். மேலேருந்து பாத்தா இங்க மனுஷங்களே இல்லாத மாதிரி இருக்கும். இவன் இங்க தனியாக் கெடந்து என்ன பண்ணுவான், கூட்டிட்டுப் போயிடலாம்னு நெனச்சேன். உங்க பொண்ணுக்குச் சரின்னு சொல்லிட்டா அப்புறம் அவன் வரவே மாட்டான்" என்றார்.

அதுதானா என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. எங்கள் தமிழோ, சாதியோ, சாப்பாடோ என்று நான் எத்தனை விதமாக யோசித்து அவர்மேல் கறுவிக்கொண்டிருந்தேன். அவருக்கு மகன் திரும்பி வரவேண்டும், அவ்வளவுதான். வரமாட்டார்கள்தான் என்று உண்மையைச் சொன்னேன். பொய் சொல்லி அவரை ஏமாற்ற மனம் வரவில்லை. அவர் தலையை ஆட்டிவிட்டுத் துணிப்பையை மடியில் இழுத்து வைத்தார். போச்சு, இதோடு முடிந்தது என்று நினைத்தேன்.

ரெயினில் மேல்தட்டில் இருந்தோம். துணிப்பையிலிருந்து ஒரு டப்பாவை எடுத்து, தான் சுட்ட முறுக்கை எனக்கு நீட்டினார். பாதி வழியில், தொலைந்துபோனதை மகனிடம் சொல்லிவிட வேண்டாம் என்று கேட்டார், சொன்னால் இனித் தனியாக வெளியே விடமாட்டானாம். நானும் கேட்டேன், நான் கத்தியதை என் மகளிடம் சொல்ல வேண்டாம் என்று. அவள் ரெக்ஸ்ற் பண்ணச் சொன்னதையும் நான் கேட்காததையும் சொன்னேன். அதற்கு அவர், என் வகுப்பில் இருந்திருந்தால் வாங்கில் ஏற்றி நிற்க வைத்திருப்பேன் என்றார்.

வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது பிள்ளைகள் எங்களுக்கு முன்னமே வந்திருந்தார்கள். கணவர் சொதியைச் சூடாக்கிக்கொண்டிருந்தார். வெள்ளிக்கிழமை மரக்கறிச் சமையல், மேசையில் எல்லாம் இருந்தது. மகள் என்னைக் குறுகுறுவென்று பார்த்தாள், ஏன் இவ்வளவு பிந்தியது என்று கேட்டாள். நான் சப்பாத்தைக் கழற்றக் குனிந்தேன். பையன் தாயின் ஜக்கெற்றை வாங்கிக்கொண்டே, இடம் கண்டுபிடிக்கக் கஷ்டமாக இருந்ததா என்று விசாரித்தான்.

அவர் கதிரையை இழுத்து வசதியாக இருந்து, தண்ணீர்க் கிளாசைக் கையில் எடுத்தார்.

"என்ன கஷ்டம்? மெட்ரோவ விட்டு எறங்கினேன், வாசல்லயே சம்பந்தி எனக்காகக் காத்துட்டு இருந்தாங்க. ஸ்டேஷன் நல்லாயிருக்கு, சுத்திப் பாத்துட்டு வந்தோம்" என்றார்.

பையன் ஜக்கெற்றைக் கொக்கியில் கொளுவாமல் அப்படியே நின்றான். கணவர் அடுப்பை நிற்பாட்டினார். மகள் என் பக்கம் திரும்பினாள், அவள் கண் நிறைந்துவிட்டது.

"உண்மையோ அம்மா?" என்று கேட்டாள்.

ஓம் என்றேன்.